பெரியவருக்கு மீன்தலை

ஃபௌசியா என்கிற பெயரைச் செங்கமலம் முதன்முதலில் கேட்டது காடாம்புலியூரில், முந்திரிக்கொட்டை உடைக்கிற கொட்டகையில். பெரிய நாத்தனாரின் ஓரகத்தி மகளுக்கு வளைகாப்பு என்று போயிருந்தாள். போன இடத்தில் சும்மா இருக்கத் தெரியாதவள். கொட்டையின் பால் பட்டுப் புண்ணாகாமலிருக்கக் கையில் சாம்பலைப் பூசிக்கொண்டு, ஒரு கட்டையை இழுத்துப் போட்டு, கொட்டை உடைக்கிற பெண்களோடு தானும் உட்கார்ந்துவிட்டாள். பக்கத்தில் இருந்த சின்னம்மாள்தான் பேச்சை எடுத்தாள்.

"நெய்வேலியிலேர்ந்துதான வரீங்க? ஏரி மிருகத்தைப் பார்த்த பாயம்மா ஒங்க பக்கம்தானாமே. ஃபௌசியாவாம் பேரு."

"எந்த ஏரியில?"

"வெள்ளாங்கொல்லை ஏரியில. எரும கணக்கா முதுகாம். ஆனா எரும இல்லியாம். தெனம் மீன்தலை போட்டு வளக்குதாம் அந்தம்மா."

செங்கமலத்துக்குச் சிரிப்பு தாங்கவில்லை. "அந்த ஏரித் தண்ணியிலதான் நான் துணி தொவைக்கிறேன். என் கண்ணுக்கு ஆப்படாத மிருகமா? அந்தம்மாவைக் கண்ணு டாக்டருகிட்ட இட்டுகினு போவச் சொல்லு." சாம்பல் கைகளோடு கொட்டகை மொத்தமும் சிரித்தது.

செங்கமலத்துக்கு அந்த ஏரி கொல்லைப்புறம் மாதிரி. வளையமாதேவிப் பக்கத்து நிலம் சுரங்கத்துக்குப் போன பிறகு, ஒதுக்கிக் கொடுத்த மனையில் வீடு கட்டி வந்தவள் அவள். பின்கதவைத் திறந்தால் ஏரிக்கரை. புருஷன் காலமான பிறகு அவளோடு இருப்பது கடைசித் தம்பி குமரவேலும் அவன் மனைவி வளர்மதியும்தான். தம்பி என்று பேர்தான். அவனைப் பெற்ற கையோடு அம்மா கண்ணை மூடிவிட்டதால், கல்யாணமாகிப் போன வீட்டுக்கு இவனையும் இடுப்பில் தூக்கிக்கொண்டு போனவள் செங்கமலம். குமரவேல் சுரங்கத்தில் கான்ட்ராக்ட் ஆள். கரி போகிற பெல்ட்டுக்கு அடியில் சிந்திக் கிடப்பதை வாரிப் போடுகிற வேலை.

ஊர் திரும்பியதும் முதல் வேலையாக, ஃபௌசியா யாரென்று விசாரித்துக்கொண்டு மதகுப் பக்கம் போய்ப் பார்த்தாள். தினமும் தாண்டிப் போகிற மீன் வறுவல் கடைதான். நாலு கம்பு, ஒரு தார்ப்பாய், தரைக்குச் சுரங்கத்தில் கழித்துப் போட்ட பழைய ரப்பர் பெல்ட் துண்டு. மற்றக் கடைக்காரர்கள் அடுப்பை ரோட்டைப் பார்த்து வைப்பார்கள், ஆள் வருவது தெரிய வேண்டுமே. ஃபௌசியாவின் அடுப்பு ஏரியைப் பார்த்து இருந்தது. வருகிறவர்களுக்கு அவள் முதுகுதான் தெரியும். முக்காட்டைக் காதுக்குப் பின்னால் செருகிக்கொண்டு, ஜல்லிக் கரண்டியைப் பிடித்தபடி, கண்ணை மட்டும் தண்ணீர் மேலேயே வைத்திருந்தாள். சட்டியைப் பார்ப்பதே இல்லை. எண்ணெயின் சத்தம் அடங்குகிற பதத்தில் மீனைத் திருப்பிப் போட்டாள். பொரிந்ததை வாழையிலைக் கிழிசலில் வைத்து, திரும்பாமலே தோளுக்கு மேல் பின்பக்கமாக நீட்டினாள்.

"ஏம்மா, மிருகத்தைப் பார்த்தது நீதானா?"

"மிருகம்னு சொல்லாதீங்கக்கா. பெரியவருன்னு சொல்லுங்க. வயசுல மூத்தவரு."

"எத்தினி மூத்தவரு?"

"நம்ம கரியெல்லாம் மரமா நின்ன காலத்துலேர்ந்து இருக்கறவரு. நீங்களும் நானும் பேரு சொல்லிக் கூப்பிட்ற வயசா அது?"

கதை அவள் கட்டியதில்லை. சுரங்கத்தில் கரிக்கு அடியில் ஊறுகிற தண்ணீரை இறைத்து வாய்க்காலில் விட ஆரம்பித்த நாளிலிருந்தே ஊரில் உள்ள பேச்சு அது. பூமிக்குள் காடு புதைந்து கரியானபோது, அந்தக் காட்டில் இருந்த ஒன்று மட்டும் சாகாமல் தண்ணீரிலேயே கிடந்ததாம். பம்பு போட்டு இறைத்தபோது தண்ணீரோடு தானும் மேலே வந்து, வெள்ளாங்கொல்லை ஏரியில் தங்கிவிட்டதாம். பார்த்ததாகச் சொன்னவர்களும் கொஞ்சப் பேரில்லை. பால்காரர் துரைராஜ் மடியில்லாத எருமையைப் பார்த்தார். பெல்ட் ஓட்டுகிற ஒருவர், அறுந்த பெல்ட் மிதந்து வருவதுபோல முடிவில்லாத நீளத்தைப் பார்த்தார். கல்யாண வீடுகளுக்குச் சமைக்கிற ஒருவருக்கு அது கவிழ்த்துப் போட்ட அண்டாவாகத் தெரிந்தது. டவுன்ஷிப்பிலிருந்து காலை நடைக்கு வருகிற அதிகாரி ஒருவர், எல்லாம் நீர்நாய் என்று சொல்லி முடித்துவிட்டுப் போனார். அவரவர் கை பழகிய பொருளாகவே அது அவரவர் கண்ணுக்கு வந்தது.

ஃபௌசியா மட்டும் அன்று சொன்னதற்கு மேல் ஒரு சொல் கூட்டியதில்லை. "முதுகு. கறுப்பா, பெருசா. மார்கழிப் பனியில மேல வந்துச்சு, என்னைப் பார்த்துச்சு, கீழ போயிடுச்சு. அவ்ளோதான்."

"முதுகு எப்படிம்மா பார்க்கும்?" என்று கேட்டால், "நம்மளை ஒருத்தரு பார்க்கறது நமக்குத் தெரியாதா?" என்பாள்.

யூடியூப் பிள்ளைகள் மைக்கைத் தூக்கிக்கொண்டு வந்தார்கள். பல் எப்படி இருந்தது என்று கேட்டார்கள். பல்லைப் பார்க்கவில்லை என்றாள். நெருப்புக் கக்கியதா என்று கேட்டார்கள். "தண்ணிக்குள்ள இருக்கறவருக்கு நெருப்பு எதுக்குப்பா?" என்று கரண்டியைத் தட்டினாள். வந்தவர்கள் ஆளுக்கு இரண்டு மீன் தின்றுவிட்டு, வேறொருவரைத் தேடிப் பிடித்து நெருப்புக் கக்கவைத்துக்கொண்டு போனார்கள்.

காலையில் வருகிற கெண்டையில் முதல் மீனின் தலையை அறுத்து, மதகுக் கல்லில் நின்று தண்ணீரில் போட்டுவிட்டுத்தான் அடுப்பைப் பற்றவைப்பாள். படையலா என்று யாராவது கேட்டால் கோபம் வரும். "படையல் எல்லாம் எங்க வழக்கத்துல கெடையாது. பக்கத்து வூட்டுக்காரருக்கு வாசனை போவுதில்ல, குடுக்காம திங்கலாமா?" அவள் கணவர் முகமது யூசுப் டிவிஎஸ் வண்டியில் பிளாஸ்டிக் குடமும் வாளியும் கட்டிக்கொண்டு ஊர் ஊராக விற்கிறவர். மத்தியானம் கடைக்கு வந்து உட்கார்ந்தால் அவருக்கு ஒரே புலம்பல்தான்.

"கட்டிகினு வந்து இத்தினி வருஷமாச்சு. என்னை ஒரு நாளாவது இப்படிப் பார்த்திருக்கறாளா, கேளுங்க."

ஃபௌசியா திரும்ப மாட்டாள். "நீங்க என்ன முங்கி முங்கியா வர்றீங்க? எப்பப் பார்த்தாலும் எதுக்கதான நிக்கறீங்க."

இதையெல்லாம் கேட்டுச் சிரித்துவிட்டு, கால் கிலோ வறுவலோடு செங்கமலம் வீட்டுக்கு வருவாள். இரண்டு வருஷம் இப்படிப் போனது. கிறுக்கு இருந்தாலும் கைப்பக்குவம் உள்ளவள் என்பதுதான் ஃபௌசியாவைப் பற்றி அவளுக்கு இருந்த எண்ணம்.

போன மார்கழியில் ஒரு நாள் குமரவேல் இரவு ஷிப்ட் முடிந்து வீட்டுக்கு வரவில்லை.

வேறு ஊராக இருந்தால் தேடியிருப்பார்கள். இங்கே அப்படியில்லை. அடுத்த ஷிப்டுக்கு வர வேண்டிய ஆள் வராவிட்டால் இருக்கிறவனே நின்றுவிடுவான். அதற்கு டபுள் என்று பேர். டபுள் கிடைத்தால் கான்ட்ராக்ட் வீட்டில் சந்தோஷம். வேலை செய்கிற இடத்துக்குச் செல்போன் எடுத்துப் போக முடியாது, சொல்லியனுப்பவும் வழியில்லை. அதனால் காலையில் ஆள் வராவிட்டால் யாரும் பதறுவதில்லை. உலை வைப்பார்கள்.

"டபுள் போட்டுட்டாரு போலருக்குது அண்ணி" என்றாள் வளர்மதி.

"பசி தாங்க மாட்டான். சோறு சீக்கிரம் வடி" என்றாள் செங்கமலம்.

கத்தரிக்காய்ச் சாம்பாரும் அவரைப் பொரியலும் வைத்து, அடுக்குத் தூக்கில் போட்டு, ஆட்டோக்கார ஜெயகணேஷிடம் கொடுத்தார்கள். நாலைந்து வீட்டுத் தூக்குகளைச் சுரங்க கேட்டுக்கு எடுத்துப் போய், காலித் தூக்குகளைத் திருப்பிக் கொண்டுவருவது அவன் வழக்கம்.

அந்த நேரத்தில் ஏரியில் பனி விலகிக்கொண்டிருந்தது. ஆகாயத்தாமரை திட்டுக்கு நடுவில் கறுப்பாக ஒரு முதுகு தெரிந்தது. "பெரியவரு வந்துட்டாரு!" என்று ஃபௌசியா சத்தம் கொடுத்தாள். டீ குடித்துக்கொண்டிருந்தவர்கள் யாரும் நிமிரவில்லை. அவள் இன்னொரு மீன்தலையை எடுத்துப் போய்ப் போட்டாள்.

பெரியவர் வந்தால் முதுகைக் காட்டிவிட்டுப் போகிறவர். அன்று போகவில்லை. மீனைச் சட்டியில் போட்டுவிட்டுப் பார்த்தாள், இருந்தார். எடுத்துவிட்டுப் பார்த்தாள், இருந்தார். வெயில் ஏறியும் அதே இடத்தில் இருந்தார். கடை வைத்த நாளிலிருந்து முதல் தடவையாக அன்று அவள் சட்டியில் மீன் கருகியது.

"பெரியவருக்கு ஒடம்பு சரியில்ல" என்றாள்.

அவ்வளவுதான், கரையே கொல்லென்று சிரித்தது. "டவுன்ஷிப் ஆஸ்பத்திரியில சேத்துடலாமா பாயம்மா? பர்மனென்ட்டா, கான்ட்ராக்ட்டான்னு கேட்டுச் சொல்லு. வார்டு பார்க்கணுமில்ல."

அப்போது அது இருமியது. சிரிப்புச் சத்தத்தில் வேறு யாருக்கும் கேட்கவில்லை. ஃபௌசியாவுக்குக் கேட்டது.

ஏரியில் லாரி ட்யூபில் மிதந்து வலை போடுகிற மாடசாமியிடம் போனாள். "ஒரு எட்டு கிட்டப் போய்ப் பார்த்துட்டு வாங்கண்ணே. இருமுது."

நேற்றுவரைக்கும் அவளைக் கேலி பேசியதில் மாடசாமிதான் முதல் ஆள். "நான் போவல தாயே. அது இல்லாட்டி என்னைப் பார்த்துச் சிரிப்பானுங்க. இருந்துட்டா என்னைத் தின்னுடும்."

ஃபௌசியாவே ட்யூபை உருட்டிக்கொண்டு போய்த் தண்ணீரில் போட்டாள். அப்போதுதான் கடைக்கு வந்திருந்த யூசுப்பின் வண்டியில் குடங்கள் கட்டுகிற கயிற்றை அவிழ்த்து, ஒரு முனையைத் தன் இடுப்பில் கட்டி, மறுமுனையை அவர் கையில் கொடுத்தாள்.

"ஏ லூசு! ஒனக்கு நீச்சல் தெரியுமாடி?"

"தெரியாது. கெட்டியாப் புடிங்க."

நெஞ்சளவு, கழுத்தளவு என்று போய், பிறகு காலெட்டாத ஆழத்தில் ட்யூபைக் கட்டிக்கொண்டு, ஒற்றைக் கையால் தாமரைக் கொடிகளை விலக்கியபடி அவள் போனதைக் கரையில் இருந்த எல்லோரும் பார்த்தார்கள். பயந்தவள் முகம்தான் அது. கிட்டே நெருங்கியதும், கல்யாணத்துக்கு அழைக்கிற மாதிரி அவள் மரியாதையாகப் பேசியதும் கரைக்குத் தெளிவாகக் கேட்டது.

"பெரியவரே, நான்தான், மீன்கடைக்காரி. தெனம் தலை போட்றவ. கோவிச்சுக்காதீங்க. என்ன செய்யுது ஒடம்புக்கு?"

கொடிக்குள்ளிருந்து பதில் வந்தது. "பாயம்மா..."

பனியில் பாதை தெரியாமல் குமரவேலின் மொபெட் கரையிலிருந்து சறுக்கியிருந்தது. கல் சரிவில் உருண்டு, தொடை எலும்பு முறிந்து, தண்ணீரில் விழுந்தவன் கையில் அகப்பட்ட கொடியைப் பிடித்துக்கொண்டான். வாய்க்கால் தண்ணீரின் இழுப்பு, கொடித் திட்டோடு அவனையும் சேர்த்து ஏரிக்குள்ளே தள்ளிவிட்டது. கத்திக் கத்தித் தொண்டை போய்விட்டது. பனிக்குப் போட்டிருந்த கறுப்பு ரெயின்கோட்டில் காற்று அடைத்து முதுகு மட்டும் உப்பித் தெரிந்தது. பூமிக்கு அடியிலிருந்து வருகிற தண்ணீராகையால் அதில் கொஞ்சம் வெதுவெதுப்பு இருந்தது. அந்த மார்கழியில் அவன் உயிரைப் பிடித்து வைத்திருந்தது அந்தச் சூடுதான் என்று பிறகு டாக்டர் சொன்னார்.

அதற்குப் பிறகு கரையில் நிற்க ஆளில்லை. எல்லோரும் குதித்துவிட்டார்கள். மாடசாமி முதலில் குதித்தான்.

யூசுப் சொட்டச் சொட்ட நனைந்தபடி செங்கமலத்தின் வீட்டுக்கு வண்டியில் வந்து நின்றபோது, ஜெயகணேஷ் அப்போதுதான் காலித் தூக்கைக் கொடுத்துவிட்டுப் போயிருந்தான். தூக்கு கழுவித் துடைத்து வந்திருந்தது. செங்கமலத்துக்கு மனசு நிறைந்திருந்தது.

"அக்கா, ஒங்க தம்பி ஏரியில விழுந்துட்டாருக்கா. ஒண்ணும் பயமில்ல, தூக்கிட்டோம். ஆஸ்பத்திரிக்கு வாங்க."

"யாரையோ பார்த்துட்டு வந்து சொல்றீங்க பாய். என் தம்பி டபுள்ல இருக்கறான். இதோ பாருங்க, ஒரு பருக்கை வைக்காம சாப்பிட்டு அனுப்பியிருக்கறான்." தூக்கின் மூடியைத் திறந்து காட்டினாள்.

யூசுப் அந்தக் காலித் தூக்கையும் அவள் முகத்தையும் மாறி மாறிப் பார்த்தார். பிறகு தன் இடுப்பில் செருகியிருந்ததை எடுத்து நீட்டினார். குமரவேல் கழுத்தில் எப்போதும் கிடக்கிற பச்சைத் துண்டு. கரித்தூளும் பாசியும் ஒட்டியிருந்தது. அதைக் கையில் வாங்கிய பிறகுதான் செங்கமலம் உட்கார்ந்தாள்.

சோற்றைத் தின்றவர்கள் அன்று பகல் ஷிப்டில் இருந்த அவன் கூட்டாளிகள். குமரவேலைக் கூப்பிட்டுப் பார்த்திருக்கிறார்கள். வேறு இடத்துக்கு அனுப்பியிருப்பார்கள், வெயிலில் சோறு ஊசிப்போகுமே என்று பகிர்ந்து தின்றுவிட்டு, நல்ல மனசோடு தூக்கைக் கழுவியும் அனுப்பியிருக்கிறார்கள். ஆஸ்பத்திரி வாசலில் வந்து தலை நிமிராமல் நின்றார்கள். அவர்களைத் திட்டச் செங்கமலத்துக்கு நா எழவில்லை. அந்தச் சோற்றை வடிக்கச் சொன்னவள் அவள்தானே. எல்லாருக்கும் கண் நன்றாகத்தான் இருந்தது. ஒருத்திதான் பார்த்தாள்.

குமரவேல் தொடையில் கம்பி வைத்து, காலைச் சற்று இழுத்து நடக்கிறான். கேட்டுக்கு வெளியே சைக்கிள் ஸ்டாண்டில் உட்கார்ந்து டோக்கன் கொடுக்கிறான். ஊரில் கொஞ்ச நாள் அவனைத்தான் ஏரி மிருகம் என்று கூப்பிட்டார்கள். யூடியூப் பிள்ளைகள் மறுபடியும் வந்தார்கள். இத்தனை நாள் பார்த்ததெல்லாம் பொய்தானா என்று ஃபௌசியாவிடம் கேட்டார்கள்.

"அன்னைக்குப் பார்த்தது இவரை. அதைப் பெரியவருன்னு சொன்னது என் தப்பு" என்றாள் ஃபௌசியா. "முன்ன பார்த்தது பெரியவரைத்தான். அதுல தப்பு இல்ல."

"அதை எப்படிம்மா நம்பறது?"

மீன் வாங்க நின்ற செங்கமலம் மைக்கைத் தன் பக்கம் இழுத்தாள். "அவ பார்த்தேன்னா பார்த்ததுதான். இந்த ஊருல பார்க்கத் தெரிஞ்சது அவ ஒருத்திதான். போய் இதைப் போடுப்பா ஒன் போன்ல."

குமரவேல் மட்டும் ஒன்று சொல்வான், கேட்டால்தான் சொல்வான். "தண்ணிக்குள்ள கால்ல என்னமோ முட்டிக்கினே இருந்துச்சு. கண்ணு சொருகும்போதெல்லாம் ஒரு முட்டு. அதனாலதான் தூங்காம இருந்தேன்." மீனாக இருக்கும் என்றார்கள். இருக்கும். அதைக் கேட்ட ஃபௌசியா மறுநாள் இரண்டு தலை போட்டாள்.

பதிலுக்கு என்ன செய்தாலும் ஃபௌசியா வாங்கிக்கொள்வதில்லை. பலாப்பழம் கொண்டுபோனால் சுளை சுளையாக எடுத்து, வந்தவர் போனவருக்கெல்லாம் கொடுத்துவிடுவாள். புடவை எடுத்துப் போனபோது, "பெரியவரு மொகத்துல முழிச்ச அன்னைக்கே எனக்கு எல்லாம் கெடச்சுதுக்கா. நீங்க காசு குடுத்து மீன் வாங்குங்க, போதும்" என்றாள். அதனால் செங்கமலம் மீன் வாங்குகிறாள். புரட்டாசியில் அவள் வீட்டில் மீன் சட்டி ஏறாது. அந்த மாதத்திலும் நாள் தவறாமல் வாங்கி, தெருப் பூனைகளுக்குப் போட்டாள். வெள்ளாங்கொல்லைப் பூனைகள் அந்தப் புரட்டாசியில் கொழுத்துப் போயின. அன்று காலியாகத் திரும்பி வந்த தூக்கை மட்டும் வீட்டில் வைத்துப் பார்க்க மனம் ஒப்பவில்லை. ஃபௌசியா அதைக் கேட்டு வாங்கிக்கொண்டாள். இப்போது அதில்தான் பெரியவருக்கான மீன்தலை இருக்கிறது.

இந்த வருஷம் ஃபௌசியாவின் கண்ணில் புரை விழுந்தது. ஆபரேஷன் செய்தே ஆக வேண்டும் என்று கடலூர் டாக்டர் சொல்லிவிட்டார். அவள் போக மாட்டேன் என்று முரண்டு பிடித்தாள்.

"நான் போயிட்டா யாரு பார்க்கறது?"

"வியாபாரத்தை நான் பார்க்கறேன்டி" என்றார் யூசுப்.

"வியாபாரத்தைக் கேக்கல."

"நான் பார்க்கறேன் தங்கச்சி" என்றாள் செங்கமலம்.

"பார்க்கறதுன்னா அப்பப்ப திரும்பிப் பார்க்கறது இல்லக்கா."

"தெரியும். நீ பார்த்தது எப்படின்னு எனக்குத் தெரியாதா? போய்ட்டு வா."

அப்படித்தான் செங்கமலம் இப்போது ஃபௌசியா உட்காருகிற பலகையில், ரோட்டுக்கு முதுகைக் காட்டிக்கொண்டு உட்கார்ந்திருக்கிறாள். மீன் வறுப்பது யூசுப். பாதி கருகிவிடுகிறது, யாரும் குறை சொல்வதில்லை. காலையில் தூக்கைத் திறந்து, மதகுக் கல்லில் நின்று தலையைப் போடுகிறாள். தலை தண்ணீரில் விழுந்ததும் போன் அடித்துவிடுகிறது.

"வந்தாராக்கா?"

செங்கமலம் ஏரியை இந்த ஓரத்திலிருந்து அந்த ஓரம்வரை நிதானமாகப் பார்க்கிறாள். பனி கிடக்கிறது. வாய்க்கால் தண்ணீர் விழுகிற இடத்தில் ஆவி எழும்புகிறது. தாமரைத் திட்டு லேசாக அசைகிறது, காற்றாகவும் இருக்கலாம். இல்லாததைச் சொன்னால் ஃபௌசியாவுக்குப் பிடிக்காது என்று அவளுக்குத் தெரியும்.

"இன்னும் காணல. இரு, நீயே கேளு" என்று சொல்லிவிட்டு, போனைத் தன் காதிலிருந்து எடுத்து, கை எட்டுகிற மட்டும் தண்ணீரின் பக்கமாக நீட்டிப் பிடிக்கிறாள்.

ஃபௌசியா இப்போது குள்ளஞ்சாவடியில், மகள் முனவராவின் வீட்டில், ஒரு கண்ணில் பச்சைத் துணி கட்டிக்கொண்டு, போனைக் காதோடு அழுத்தியபடி உட்கார்ந்திருக்கிறாள்.